மடம் காத்திருந்த இரண்டு நாள்

மூன்றாம் மாடி வளைவில் மடம் என் தோளை இரண்டு தரம் தட்டினார். களைத்துவிட்டாரோ என்று நான் நின்றேன். "நிக்காதை. நிண்டால் பாரம் கூடும்" என்று என் காதுக்குள் சொன்னார். சுமந்து பழகினவர்களுக்கு மட்டும்தான் அது தெரியும். எழுபத்தெட்டு வயதில், முழங்கால் இரண்டும் மடங்காமல், என் முதுகில் குழந்தைப்பிள்ளை மாதிரித் தொங்கிக்கொண்டு வந்த அந்தக் கிழவிக்கு அது தெரிந்திருந்தது. நான் மறுபடியும் இறங்கத் தொடங்கினேன். அவருக்கு ஏன் தெரிந்திருந்தது என்பதைத்தான் எழுத வந்தேன்.

பாரிஸில் எங்கள் ஆட்களின் கடைத்தெருவான லா சப்பலில் என் முதுகில் ஏறாத சாமான் இல்லை. அரிசி மூடை, வெங்காய மூடை, மீன் பெட்டி, ஆளுயரக் குளிர்ப்பெட்டி எல்லாம் ஏறியிருக்கின்றன. நான் ஆறாம் வகுப்போடு புத்தகத்தை மூடினவன். இன்றைக்கு அங்கே ஃபொபூர் சேன்-தெனித் தெருவில் எனக்கு மூன்று கடை, நகருக்கு வெளியே சேன்-தெனியில் ஒரு களஞ்சியம். பட்டம் வாங்கின பிள்ளைகள் என்னிடம் வேலை கேட்டு வந்து நிற்கிறார்கள். பெருமைக்குச் சொல்கிறான் என்று நினைத்தால் நினையுங்கள். பெருமைதான், யாரும் எனக்குச் சும்மா தரவில்லை. ஆனால் இத்தனை மூடைக்கும் நடுவில் உயிரோடு என் முதுகில் ஏறிய பாரம் அந்த ஒன்றுதான்.

எண்பதுகளின் நடுப்பகுதி. ரூ பஜோல் என்ற தெருவில் லிஃப்ட் இல்லாத ஒரு பழைய வீட்டின் ஆறாம் மாடியில், ஒரே அறையில் ஐந்து பேர் இருந்தோம். பக்கத்து அறையில் மடம். அவருடைய பெயரை ஒரு தரம் சொன்னார். எங்கள் வாயில் அது நிற்கவில்லை. பிரெஞ்சுக்காரர் எல்லாப் பெண்களையும் கூப்பிடுகிற மாதிரி நாங்களும் மடம் என்றே கூப்பிட்டோம். அவர் பிரெஞ்சுக்காரி அல்ல. ஸ்கொட்லாந்துக்கும் அப்பால், மேற்குக் கடலுக்குள் தனியாகக் கிடக்கும் ஒரு தீவு அவருடையது. ஐம்பது வருடத்துக்கு மேல் பாரிஸில் பணக்கார வீடுகளில் வேலை செய்து, கடைசியில் அந்தக் கூரை அறையில் வந்து தங்கியிருந்தார். படி இறங்க முடியாது. பாணும் பாலும் நான்தான் வாங்கிக் கொடுப்பேன். சாமான் தேவைப்பட்டால் சுவரில் தட்டுவார். எங்கள் அறையில் மூத்தவர், உணவகம் ஒன்றில் சமைக்கிறவர், அவரை அண்ணை என்போம். தட்டுச் சத்தம் கேட்டவுடன் அவர் தொடங்கிவிடுவார்: "டேய், பெண் வீட்டுக்காரர் கூப்பிடுகினம். ஓடு மாப்பிள்ளை."

ஒரு நாள் என்னுடைய ஊர் எப்படி இருக்கும் என்று கேட்டார். எனக்கு அப்போது பிரெஞ்சு அரைகுறை. மேசையில் பாண் துகளைக் குவித்து இது யாழ்ப்பாணம் என்று காட்டினேன். கொஞ்சம் தள்ளி ஒரு துகளை வைத்து இது என் தீவு, இது நான் என்றேன். மடம் குனிந்து அந்தத் துகளைப் பார்த்தார். அவருடைய பிரெஞ்சும் முரட்டுப் பிரெஞ்சுதான். அவர் சொன்னவற்றை என் தமிழில் எழுதுகிறேன்.

"காத்தடிச்சால் உங்களுக்கும் வள்ளம் வராதோ?"

"வராது மடம். கிழமைக் கணக்கிலை வராது."

"அப்ப நீ மனிசன்" என்றார். அன்றைக்குத்தான் கதை சொன்னார்.

அவருடைய தீவில் துறைமுகம் இல்லை. வள்ளங்கள் கரையிலிருந்து தள்ளி, இடுப்பளவு தண்ணீரில் நிற்கும். ஆண்கள் கால் நனைந்து ஏறினால், அந்தக் குளிரில் பகல் முழுக்க ஈரத்தோடு வலை இழுக்க வேண்டும். நெஞ்சில் சளி கட்டி ஆள் முடிந்துவிடும். அதனால் பெண்கள் பாவாடையை இடுப்பில் செருகிக்கொண்டு, ஆண்களை முதுகில் ஏற்றித் தண்ணீருக்குள் நடந்து, வள்ளத்தில் காயக்காய இறக்கிவிடுவார்கள். மனைவி புருசனைச் சுமப்பாள், மகள் தகப்பனைச் சுமப்பாள். வேறு வீட்டு ஆணை எவளும் சுமக்கமாட்டாள். சுமந்தால், ஊர்க் கண்ணில் அது கலியாணம் முடிந்த மாதிரி. மடத்துக்குத் தாய் இல்லை. பதினாறு வயதிலிருந்து தகப்பனை அவர்தான் சுமந்தார். தங்கை சின்னப்பிள்ளை.

இருபதாவது வயதில், புயலில் உடைந்த ஒரு படகோடு பிரான்சிலிருந்து ஒரு மீனவன் கரை ஒதுங்கினான். சிங்கி இறால் பிடிக்கிறவன். படகு திருத்த ஆறு கிழமை பிடித்தது. இருவருக்கும் பொதுப் பாஷை இல்லை. "அவன் ஒரு சொல்லுத் தருவான், நான் ஒரு சொல்லுக் குடுப்பன். கலியாணம் எண்ட சொல்லுக்கு வரேக்கை அப்பா கண்டிட்டார்." அவன் வேறு கிறிஸ்தவ சபைக்காரன். அவர்களுடையது கடும் சபை. ஞாயிற்றுக்கிழமை வள்ளம் தண்ணீரில் இறங்காது, கிணற்றில் வாளிகூட இறங்காது. தகப்பன் முடியாது என்று ஒரே சொல்லில் சொல்லிவிட்டார்.

படகு திருத்தி அவன் புறப்பட்ட காலை, ஊர் முழுக்கக் கரையில் நின்றது. தகப்பனும் அன்றைக்குக் கடலுக்குப் போக வேண்டியவர். மகள் வந்து குனிவாள் என்று நின்றுகொண்டிருந்தார். மடம் அவரைத் தாண்டிப் போய் அந்தப் பிரெஞ்சுக்காரனுக்கு முன்னால் குனிந்தார். அவனுக்கு அதன் அர்த்தம் தெரியும். ஏறினான். எல்லாரும் பார்க்க மடம் அவனைக் கொண்டுபோய்ப் படகில் இறக்கிவிட்டு, தகப்பனைத் தூக்கத் திரும்பினார். தகப்பன் சப்பாத்தோடு தண்ணீருக்குள் இறங்கித் தானே நடந்து போய்க்கொண்டிருந்தார். அதற்குப் பிறகு அவர் யார் முதுகிலும் ஏறவில்லை. மகளோடு பேசவும் இல்லை.

அடுத்த வசந்தத்தில் மடம் வீட்டை விட்டு வெளிக்கிட்டு, அவனுடைய துறைமுகத்தைத் தேடிப் பிடித்து வந்து சேர்ந்தார். முந்தின பனிக்காலத்திலேயே கடலுக்குப் போன அவனுடைய படகு திரும்பி வரவில்லை என்று சொன்னார்கள். தீவுக்குத் திரும்ப முகம் இல்லை. பாரிஸுக்கு வந்துவிட்டார். சில வருடங்களில் தங்கையிடமிருந்து கடிதம் வந்தது. தகப்பன் நெஞ்சுச் சளியில் செத்துப்போனார், கடைசிவரை நனைந்த காலோடுதான் கடலுக்குப் போனார் என்று எழுதியிருந்தாள். பிறகு இப்படி எழுதியிருந்தாள்: சாவதற்கு முதல்நாள் அப்பா உன்னைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னார், அதைக் கடிதத்தில் எழுதமாட்டேன், வந்தால் சொல்வேன்.

"நல்ல சொல்லெண்டால் எழுதியிருப்பாள்தானே? கெட்ட சொல்லெண்டால் ஏன் நேரிலை வரச் சொல்லுறாள்?" மடம் என்னைக் கேட்டார். "அம்பது வருசமா இதைத்தான் உருட்டிக்கொண்டிருக்கிறன். போகப் பயம்."

ஒரு செவ்வாய்க்கிழமை பின்னேரம் சுவரில் விடாமல் தட்டினார். ஓடிப் போனேன். மேசையில் தந்தி. தங்கைக்குக் கடுமை, உடனே வரட்டாம். மடத்தின் முகத்தில் பயம் போய்விட்டிருந்தது. "எனக்கு அந்தச் சொல் வேணும். நல்லதோ கெட்டதோ, கேட்டிட்டுச் சாகவேணும். நாளைக்குக் காலமை என்னைக் கீழை இறக்கி ரயிலிலை ஏத்திவிடு." புதன் வெளிக்கிட்டால் வெள்ளிக்கிழமை வள்ளத்தைப் பிடிக்கலாம். லண்டனில் அவருடைய ஊர்க்காரர் ஒருவர் வந்து கூட்டிப் போவார். எல்லாம் கணக்காக இருந்தது.

நான் எங்கள் அறைக்குப் போய், ஊரிலிருந்து வந்த கலண்டரைப் பார்த்தேன். புதன் அட்டமி. வியாழன் நவமி. திரும்பி வந்து சொன்னேன்: "மடம், ரெண்டு நாளும் கூடாத நாள். பயணம் வெளிக்கிடக்கூடாது. வெள்ளி நல்லது."

வேறு வெள்ளைக்காரராக இருந்தால் சிரித்திருப்பார்கள். மடம் சிரிக்கவில்லை. "எங்கடை ஊரிலை ஒருத்தன் ஞாயிற்றுக்கிழமை வள்ளம் இறக்கினவன். திரும்பி வரேல்லை" என்றார். வாசலில் வந்து நின்ற அண்ணை, நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் தலையாட்டினார். "கிழவிக்கு விளங்குது பார். எங்கடை படிச்ச பெடியளுக்கு விளங்காது." மடம் விரலில் நாள் எண்ணினார். வெள்ளி வெளிக்கிட்டால் அந்த வள்ளம் போய்விடும். ஞாயிறு ஓடாது. திங்கள்தான்.

"திங்கள் மட்டும் அவள் கிடப்பாளோ?"

"கிடப்பா மடம்" என்றேன். ஏதோ எனக்குத் தெரிந்த மாதிரி. தபாற்கந்தோருக்குப் போய் லண்டன்காரருக்கு நாள் மாற்றித் தந்தி அடித்ததும் நான்தான்.

வெள்ளி காலை ஆறு மாடியும் சுமந்து இறக்கினேன். கார் து நோர் ஸ்டேசனில் ரயில் பெட்டிக்குள் இருத்தி, பையைக் காலடியில் வைத்தேன். மடம் என் தோளைத் தடவிப் பார்த்தார். "நல்ல முதுகு" என்றார்.

பன்னிரண்டு நாள் கழித்துத் திரும்பி வந்தார். மறுபடி மேலே சுமந்தேன். கதிரையில் இருத்தின பிறகுதான் சொன்னார். தங்கை சனிக்கிழமை செத்துவிட்டாள். மடம் திங்கள் பின்னேரம் போய் இறங்கியபோது, குழி மூடி ஆட்கள் திரும்பிக்கொண்டிருந்தார்கள். பக்கத்து வீட்டுப் பெண்தான் எல்லாம் சொன்னாளாம். வெள்ளிக்கிழமை வள்ளம் வந்த சத்தம் கேட்டு, தங்கை தன்னைத் தூக்கி இருத்தச் சொல்லி வாசலைப் பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறாள். அக்கா அதில் வரவில்லை என்று சொன்னதும் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துவிட்டாள். தகப்பனின் சொல்லை யாரிடமும் சொல்லவில்லை. கேட்டவர்களிடம், அது அக்காவுக்கு உரியது என்றாளாம்.

"கோவமோ மடம்?" என்று கேட்டேன்.

"நீ சொன்னது சரிதானே. அது கூடாத நாள்தான்" என்றார்.

அதற்குப் பிறகு மடம் சுவரில் தட்டவில்லை. நானாகப் பாண் வாங்கி வைப்பேன்; பாதி கிடக்கும். அடுத்த பனிக்காலத்தில் செத்தார். மாநகரசபை ஆட்கள் நான்கு பேர் பெட்டியைப் படிவழியே இறக்கினார்களாம். நான் அப்போது கடையில் மூடை இறக்கிக்கொண்டிருந்தேன்.

இவ்வளவும் என் மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் தெரியும். அட்டமியை நம்பி ஒரு கிழவியைத் தாமதித்தேன் என்று நானே சொல்லியிருக்கிறேன். மீதியை இதுவரை சொன்னதில்லை.

அந்தச் செவ்வாய், தந்தி வருவதற்கு முன், ஃபொபூர் சேன்-தெனியில் மளிகைக் கடை வைத்திருந்த பாண்டிச்சேரி முதலாளி என்னைக் கூப்பிட்டிருந்தார். "நாளைக்கும் வியாழனும் கன்டெய்னர் வருது. ரெண்டு நாள் வந்து தூக்கு, பாக்கறேன். நல்லா இருந்தா நிரந்தரமா வச்சுக்கறேன். ஒரு நாள் வரலன்னாலும் வேற ஆளு இருக்கு, தெரிஞ்சுக்கோ" என்றார். நாலு மாதமாக வேலை இல்லாமல் இருந்தவன் நான். மடத்தை இறக்கி ரயில் ஏற்றினால் புதன் காலை போய்விடும். கலண்டரைப் பார்க்கப் போனபோதே, அதில் ஏதாவது இருக்க வேண்டும் என்றுதான் போனேன். இருந்தது.

புதன் காலை நான் வெளிக்கிடும்போது அண்ணை பாயில் கிடந்தபடி கேட்டார். "அட்டமியிலை புது வேலையோடா? விளங்கினமாதிரித்தான்." வெளியே வந்தால் மடத்தின் கதவு திறந்திருந்தது. பயணத்துக்கு உடுத்து, தொப்பியும் போட்டுக்கொண்டு, கதிரையில் இருந்தார்.

"எங்கை போறாய்? இண்டைக்குக் கூடாத நாள் எண்டாய்."

"பயணத்துக்குத்தான் மடம். வேலைக்குப் பரவாயில்லை."

அவர் என் சப்பாத்தைப் பார்த்தார். வியாழன் காலையும் அப்படியே உடுத்து இருந்தார். அன்றைக்குக் கதவைச் சாத்திவிட்டார். அந்த இரண்டு நாளும் நான் தூக்கின மாதிரி யாரும் தூக்கினதில்லை என்று முதலாளி சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். அந்தக் கடையைத்தான் பிறகு நான் வாங்கினேன்.

போன வருடம் எங்கள் சங்கத்தில் எனக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். அறிவிப்பாளர் ஒலிவாங்கியை என் வாய்க்குக் கிட்டே பிடித்து, "ஐயா, இவ்வளவு தூரம் முன்னுக்கு வந்திருக்கிறியள். முதன்முதல் தொழிலிலை கால் வைக்கேக்கை நல்ல நாள் பாத்தோ வைச்சனீங்கள்?" என்று கேட்டார். சபை சிரித்தது.

"ஓம், கலண்டர் பாத்தனான்" என்றேன். எல்லாரும் கைதட்டினார்கள்.