உப்புச் சுரங்கத்தில் அணைந்த விளக்கு

1994 ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம். நாங்கள் ரொறன்ரோவுக்கு வந்து மூன்று வருடங்கள் ஆகியிருந்தன. மல்வேர்னில் ஒரு தொடர்மாடியில் கணவர், மகள், நான் என்று மூன்று பேர். இரண்டு பஸ் மாறிப் போனால் எனக்கு வேலை. பாறை உப்பைச் சலித்துப் பொதி செய்து அனுப்புகிற ஒரு தொழிற்சாலை.

அதுவரைக்கும் உப்பென்றால் எனக்குக் கறிக்குப் போடுவதுதான். அங்கே போன பிறகுதான் அதற்கு எத்தனை வேலை இருக்கிறதென்று தெரிந்தது. பனிக்காலத்தில் தெருவில் கொட்ட ஒன்று, வீட்டுத் தண்ணீரை மென்மையாக்கும் இயந்திரத்துக்கு ஒன்று, தோல் பதனிட ஒன்று. மாடுகள் நக்குவதற்கென்று கல் மாதிரி அழுத்திச் செய்வதும் உண்டு. முதல் இரண்டு வருடம் நான் பைக்கு வாய் தைத்தேன். யாழ்ப்பாணத்தில் இரசாயனம் படித்தவள் என்று எப்படியோ மனேஜருக்குத் தெரியவந்ததும் பரிசோதனை மேசையில் உட்கார வைத்தார். வெள்ளை மேலங்கி தந்தார்கள். அதை ஒவ்வொரு நாளும் வீட்டில் அயர்ன் பண்ணிக்கொண்டு போவேன்.

சுரங்கத்திலிருந்து வந்த உப்பில் களிமண் கூடுதலாக இருப்பதை நான்தான் கண்டுபிடித்தேன். அதுவே எனக்கு வினையாகியது. "நீயே போய்ச் சுரங்கத்தில் மாதிரி எடுத்துக்கொண்டு வா" என்று மனேஜர் சொல்லிவிட்டார். துணைக்கு ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிற ஓர் அண்ணை. அவரும் யாழ்ப்பாணம்தான், என்னைவிடப் பத்து வயது மூத்தவர்.

நிலத்துக்கு அடியில் போவது எனக்கு எவ்வளவு பயம் என்று யாருக்கும் சொல்லவில்லை. ஊரில் ஒருநாள் குண்டு போடுகிற விமானங்கள் வந்தபோது, பதுங்குவதற்கு வெட்டியிருந்த பங்கர்க் குழிக்குள் ஓடினேன். பக்கத்தில் குண்டு விழுந்து பங்கரின் வாசல் இடிந்து மூடிவிட்டது. காலையில் மூடுண்ட என்னை மத்தியானம்தான் தோண்டி எடுத்தார்கள். இதைச் சொன்னால் மேசையில் வேறு யாரையாவது உட்கார வைத்துவிடுவார்களோ என்று வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

நகரத்திலிருந்து மேற்கே மூன்று மணித்தியால ஓட்டம். சுரங்கம் ஒரு பெரிய ஏரிக்குக் கீழே இருந்தது. எங்களைக் கூட்டிப்போக ஒரு தொழிலாளி வந்தார். என் வயதுதான் இருக்கும், சிவந்த தாடி. தலைக்கவசம், அதில் ஒரு விளக்கு, விளக்குக்கு இடுப்பில் பற்றரி. ஆளுக்கொரு பித்தளைத் தகடும் தந்தார். கீழே யார் நிற்கிறார்கள் என்று கணக்குப் பார்க்க அது வேண்டுமாம். இரும்புக் கூடு மாதிரி ஒரு லிஃப்டில் ஏறினோம். அது இறங்க இறங்கக் காது அடைத்தது. ரொறன்ரோவின் சி.என். கோபுரத்தைத் தலைகீழாக நட்டால் அதன் நுனி எங்கே வருமோ, ஏறக்குறைய அந்த ஆழத்துக்குப் போகிறோம் என்று அவர் சிரித்துக்கொண்டே சொன்னார்.

"அப்ப எங்கட தலைக்கு மேல ஏரியோ?" என்று அண்ணை கேட்டார்.

"அண்ணை, தயவுசெய்து கதையாதேங்கோ" என்றேன். என் கை கம்பியை விடவில்லை.

கீழே நான் நினைத்த மாதிரிப் பொந்து இல்லை. இரண்டு மாடி வீட்டு உயரம், பெருந்தெரு அகலம். சுவரும் உப்பு, தரையும் உப்பு, கூரையும் உப்பு. உதட்டை நக்கினால் அதிலும் உப்பு. வெட்டி முடித்த இடங்களையும் சும்மா விடவில்லை. ஒன்றில் வாகனம் திருத்துகிறார்கள், ஒன்றில் மேசை போட்டுச் சாப்பிடுகிறார்கள், இன்னொன்றில் பழைய கடதாசிப் பெட்டிகளை அடுக்கி வைத்திருக்கிறார்கள். ஈரமே இல்லாததால் ஒன்றும் பழுதாகாதாம். பெரிய இயந்திரங்களைக் கழற்றித் துண்டு துண்டாக இறக்கிக் கீழே மீண்டும் பூட்டுவார்களாம். பிறகு அவை மேலே வருவதே இல்லையாம். அவர் அதைப் பெருமையாகத்தான் சொன்னார். நான் லிஃப்ட் எந்தப் பக்கம் என்று திரும்பிப் பார்த்துக்கொண்டேன்.

பிக்அப்பில் உள்ளே வெகுதூரம் போய் இறங்கினோம். நான் கட்டிகளைப் பொறுக்கிப் பையில் போட்டுப் பெயர் எழுதினேன். அண்ணையும் அந்தத் தொழிலாளியும் பைகளை வண்டியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். அந்த நேரம் பார்த்து எங்கோ பக்கத்தில் ஒரு லொறி தன் சுமையைக் கொட்டியது. இன்றைக்கு எனக்கு அது லொறி என்று தெரியும். அப்போது தெரியவில்லை. தரை அதிர்ந்தது. நான் ஓடினேன்.

யோசித்து ஓடவில்லை, கால் ஓடியது. குறுக்கே கட்டியிருந்த ஒரு சங்கிலிக்குக் கீழே குனிந்தது மட்டும் ஞாபகம். பிறகு முகம் சுவரில் அடிபட்டது. விளக்கு உடைந்து அணைந்துவிட்டது.

அந்த இருட்டை எப்படிச் சொல்வதென்று இன்றைக்கும் தெரியவில்லை. கையைக் கண்ணுக்கு முன்னால் பிடித்தேன், கை இல்லை. கண் திறந்திருக்கிறதா என்று விரலால் தொட்டுப் பார்த்தேன். வாய்க்குள் இரத்தமும் உப்பும். கூப்பிட வாய் திறந்தேன், சத்தம் வரவில்லை. பழையபடி பங்கருக்குள் கிடக்கிறேன் என்றே நினைத்தேன். இந்த முறை தோண்ட யாரும் வரமாட்டார்கள், மகளை யார் பள்ளிக்கூடத்திலிருந்து கூட்டிவருவார்கள் என்ற நினைப்புத்தான் திரும்பத் திரும்ப ஓடியது.

எவ்வளவு நேரமோ தெரியாது. அண்ணையின் குரல் கேட்டது.

"தங்கச்சி! எங்க நிக்கிறீர்? ஒரு சத்தம் போடும்!"

எப்படியோ ஒரு முனகல் வந்தது. வெளிச்சம் சங்கிலியடியில் வந்து நின்றது. தொழிலாளி உள்ளே ஓடிவரவில்லை. முதலில் விளக்கைக் கூரைக்கு அடித்துப் பார்த்தார். பிறகுதான் எனக்கு. அசையாதே, சுவரைத் தொடாதே, அப்படியே இரு என்று மெதுவாகச் சொன்னார். அண்ணையை அங்கேயே நிறுத்திவிட்டு, வண்டியிலிருந்து ஒரு நீளமான இரும்புக் கம்பியை எடுத்துவந்தார்.

அந்தக் கம்பியால் கூரையைத் தட்டித் தட்டி, ஓர் அடி வைப்பதும் நிற்பதுமாக வந்தார். நேரே வரவில்லை, வளைந்து வளைந்து வந்தார். என்னிடம் வந்ததும் என் இடுப்புப் பட்டியைப் பிடித்து எழுப்பினார். தான் வந்த அதே வழியில் என்னை நடத்திப் போனார்.

சங்கிலிக்கு வெளியே வந்தபின் கம்பியால் இரண்டு இடத்தைத் தட்டிக் காட்டினார். எங்கள் தலைக்கு மேலே கிண்ணென்று கேட்டது. சங்கிலிக்கு அந்தப் பக்கம் வெறும் பெட்டியைத் தட்டியது போலக் கேட்டது. அப்படிக் கேட்டால் அந்தக் கூரைப் பாளம் எந்த நேரமும் கழன்று விழும் என்றார். அதற்குக் கீழேதான் நான் ஓடிப்போயிருந்தேன். அதற்குக் கீழேதான் அவரும் வந்திருந்தார்.

ஏன் ஓடினாய் என்று கேட்டார். என் ஆங்கிலம் போன இடம் தெரியவில்லை. அண்ணையிடம் தமிழில் சொன்னேன், குண்டு, பங்கர், மண் எல்லாவற்றையும்.

"இதை ஏன் பிள்ளை முதலே சொல்லேல்லை?"

"சொன்னா இந்த வேலை போயிடும் எண்டு பயந்தனான் அண்ணை."

"விசர்க்கதை! ஆள் போயிருந்தா வேலையை வச்சு என்ன செய்யிறது?" என்று அண்ணை ஏசினார். பிறகு எல்லாவற்றையும் ஆங்கிலத்தில் அந்த மனிதருக்குச் சொன்னார்.

அவர் என்னைத் திட்டவில்லை, பயப்படாதே என்றும் சொல்லவில்லை. திரும்பி வரும் வழி முழுக்க ஒன்று மட்டும் செய்தார். "இப்போது இடது பக்கத்தில் ஒரு லொறி வரும், பெரிய சத்தம்." வந்தது. "அடுத்த வளைவில் காற்றாடி இரையும்." இரைந்தது. "கதவு மூடும்போது டமாலென்று கேட்கும்." கேட்டது. ஒவ்வொரு முறையும் என் நெஞ்சு படபடத்தது. ஆனால் கால் ஓடவில்லை.

மேலே வந்ததும் நடந்ததைத் தன் மேலதிகாரிக்கு அவர் எழுதித்தான் கொடுத்தார். அது அவருடைய கடமை. அடுத்த நாள் மனேஜர் கூப்பிட்டபோது மேலங்கியை மடித்துக் கையில் கொண்டுபோனேன். அவர் அதைத் திருப்பித் தந்து, இனி மாதிரிகள் மேலே வரும், நீ கீழே போக வேண்டாம் என்றார்.

அந்தத் தொழிலாளியை நான் பிறகு காணவே இல்லை. நன்றி கூட ஒழுங்காகச் சொன்னேனோ தெரியாது. ஆனால் மகளுக்கு ஊசி போடும்போதும், ஊரிலிருந்து வந்த மாமியை முதன்முதலாகச் சப்வேயில் ஏற்றியபோதும், பயந்துபோய் நிற்கிற ஒருவரிடம் பயப்படாதே என்று நான் சொன்னதில்லை; அடுத்து என்ன நடக்கப் போகிறது என்பதைத்தான் பக்கத்தில் நின்று சொல்லியிருக்கிறேன்.