பூட்ஸைக் கழற்றியவன்

தோற்று இறங்கியதைப் பற்றி யாரும் கேட்பதில்லை. செங்கம் சாலையில் ஒரு லாட்ஜில் நான் செக்யூரிட்டி. பட்டாளத்துக்காரன் என்று தெரிந்தால் போதும், "எத்தன பேரச் சுட்டீங்க சார்?" என்று ஆரம்பித்துவிடுவார்கள். எனக்கு எரிச்சல் பொத்துக்கொண்டு வரும்.

பனிமலை உச்சியில் எங்கள் போஸ்ட். ஓயாமல் குண்டு விழுந்ததில், விட்டுவிட்டு இறங்கச் சொல்லி உத்தரவு வந்தது. கீழ் முகாமுக்குப் போய்விட்டால் ஹெலிகாப்டர் ஏற்றிக்கொள்ளும். என்னோடு இருந்த ஒரே ஊர்க்காரன், கிரிவலப் பாதையில் இருக்கும் அடி அண்ணாமலைக்காரன். என் வயசு, சரியான வாயாடி. அங்கே ஒரு கல்லை நட்டு, விபூதி பூசி, சாமியாக்கி வைத்திருந்தான். எல்லோரும் இறங்க, இவன் பூட்ஸைக் கழற்றிவிட்டுக் கல்லின் முன்னால் நின்றான்.

"டேய், இன்னாடா பண்ற! பூட்ஸோட கும்புட்டா சாமி கோச்சுக்குமா?"

"நம்மூர்ல செருப்போடயா மல சுத்துவ? ரெண்டே நிமிஷம், இருடா."

பனியில் நனைந்த சாக்ஸோடு மறுபடி பூட்ஸை மாட்டிக்கொண்டு வந்தான். பாதி வழியில் உட்கார்ந்துவிட்டான்.

"மச்சான், காலு இருக்குதா பாரு. ஒண்ணுமே தெரியல."

சிரித்துக்கொண்டுதான் கேட்டான். மாற்றி மாற்றி முதுகில் சுமந்தோம். முகாமில் மேகம் அடைத்துக் கிடந்தது, ஹெலிகாப்டர் இறங்க முடியவில்லை. பூட்ஸை அறுத்து எடுத்தபோது விரல்கள் மெழுகாய் வெளுத்திருந்தன. உடம்பெல்லாம் விறைத்து, பேச்சு குளறி, பிறகு நின்றே போனது. மேகம் விலகி ஹெலிகாப்டர் வந்தபோது பிணமாகத்தான் ஏற்றினோம். பாழாய்ப்போன இரண்டு நிமிஷம்!

அவன் அம்மா கிரிவலப் பாதையில் பெட்டிக்கடை வைத்திருக்கிறார். மலையிலிருந்து இறங்கியபோது மகன் குளிர் தாங்காமல் போய்விட்டான் என்பதுவரைதான் அவருக்குத் தெரியும். பூட்ஸைக் கழற்றியதால்தான் என்று நான் சொன்னதில்லை. அது தெரிந்தால் அந்த அம்மா தாங்க மாட்டார்.

போன பௌர்ணமிக்கு முந்தின நாள் கடையில் சோடா குடித்துக்கொண்டிருந்தேன். திடீரென்று கேட்டார்.

"ஏம்ப்பா, எறங்கறப்ப சாமி கும்புட்டானா?"

"கும்புட்டாம்மா."

"ஷூவக் கழட்டிட்டுத்தான?"

சோடா பாட்டிலைக் கீழே வைத்தேன். பொய் சொல்ல வாய் வரவில்லை.

"ஆமாம்மா."

அவர் முகம் மலர்ந்துவிட்டது. "நாந்தான் சொல்லி அனுப்பிச்சேன். எங்க இருந்தாலும் செருப்புக் காலோட சாமி முன்னாடி நிக்காதடான்னு. கடசிவரிக்கும் எம்பேச்ச மீறல பாத்தியா!"

"மீறலம்மா" என்றேன்.