காதலுக்குச் சொன்ன ‘ஓம்’ பக்தி ரேக்கில்

2006 ஜூனில் ஆபீஸ் வேலையாகக் குரோய்டனில் இரண்டு வாரம் இருந்தேன். ஞாயிற்றுக்கிழமை, என்னோடு வந்தவர்கள் அரண்மனை பார்க்கக் கிளம்பினார்கள். நான் ஸ்ட்ரெதமுக்குப் போனேன். அங்கே ‘பிளேன்ரீ’ (யாழ்ப்பாணத்தில் பால் விடாத டீ) என்று ஒரு கம்பெனி தமிழில் ஆர் அன் பி பாட்டு சிடிகள் போட்டது. இரண்டே வருஷத்தில் மூடிவிட்டார்கள். மூன்று சிடியும் என்னிடம் தேயத் தேய ஓடியவை. ஏன் மூடினார்கள் என்று கேட்காமல் ஊர் திரும்ப மனசு வரவில்லை.

109 பஸ், முக்கால் மணி நேரம். ஸ்டூடியோ இருந்த மாடியில் இப்போது நகத்துக்குப் பாலிஷ் போடும் கடை. கம்பெனியை நடத்திய ரூபன் அண்ணையும் பாடகி சுகியும், முன்பே போனில் பேசியிருந்தபடி, கீழே கபேயில் காத்திருந்தார்கள்.

கதையைக் கேட்கக் கேட்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கடைசி சிடியில் காதலன் “வாறியா?” என்று கேட்பான், சுகி “ஓம், ஓம்” என்று குழைவார். சுகியே எழுதியது, நிஜமாகவே ஒருவருக்குச் சொன்ன பதில். யாழ்ப்பாணத் தமிழில் ஓம் என்றால் நம்ம ‘ஆமா’, அவ்வளவுதான். அட்டை அச்சடித்த விநியோகஸ்தர் நம்மூர்க்காரர், தமிழ்நாடு; ‘ஓம்’ என்றதும் மந்திரம் என்று நினைத்துவிட்டார். பாட்டை ஒரு தடவை முழுசாகக் கேட்டிருந்தால் குடியா முழுகியிருக்கும்? குத்துவிளக்குப் படம் போட்டு, பக்திப் பாட்டு என்று கடைகளுக்கு அனுப்பிவிட்டார் புண்ணியவான். வாங்கியவர்கள் முத்தம் வரும் வரியைக் கேட்டுத் திருப்பிக் கொடுத்தார்கள். கம்பெனி படுத்துவிட்டது, சுகியும் பாடுவதை விட்டுவிட்டார்.

சவுத்தாலில் ஒரு கடையில் மட்டும் அது இன்னும் பக்தி ரேக்கிலேயே இருக்கிறதாம். மாற்றச் சொல்லி மூன்று தரம் கேட்டும் நடக்கவில்லை. “நான் ஒரு ஆளுக்கு ஓம் எண்டனான், அக்கா. சனம் அதைப் போட்டுக் கும்பிடுது,” என்றார் சுகி.

நேரே பாடிங்டன் போய் ரயில் பிடித்தேன், சவுத்தாலுக்கு இருபது நிமிஷம். கடைக்காரரும் யாழ்ப்பாணத்தவர். இது காதல் பாட்டு என்று தெரியுமா என்று கேட்டேன்.

“ஓம்.”

தெரிந்துமா இங்கே வைத்திருக்கிறீர்கள்?

“ஓம், தங்கச்சி. ஒரு பொம்பிளைப்பிள்ளை உப்பிடிப் பாடினது எண்டு சொன்னா ஆர் வாங்குவினம்?”

நம்மூர்க்காரருக்காவது புரியவில்லை. இவருக்கு நன்றாகவே புரிந்திருக்கிறது! பேசிப் பிரயோஜனமில்லை. இருந்த சிடிகளை அள்ளிக் காதல் பாட்டு ரேக்கில் அடுக்கிவிட்டு வந்தேன்.

போகிறவர்களுக்கு: ஒருநாள் டிராவல்கார்டு எடுங்கள், பஸ், ரயில் இரண்டுக்கும் செல்லும். கடை ஸ்டேஷனிலிருந்து பத்து நிமிஷ நடை. சிடிகள் மறுபடி சாமி பக்கம் போயிருந்தால் எடுத்து மாற்றி வையுங்கள். யாராவது கேட்டால், அந்தப் பெண் சாமிக்கு அல்ல, ஒரு மனுஷனுக்குத்தான் சம்மதம் சொன்னாள் என்று சத்தமாகவே சொல்லுங்கள்.