எடை மேடையில் ஓர் எலுமிச்சம்பழம்

திருவள்ளூர் கோர்ட் எதிரே ஜெராக்ஸ் கடையில் நின்றிருந்தபோது கௌரி அண்ணியின் போன் வந்தது. "தம்பி, உங்க அண்ணன் பூட்டாரு. காலைல மேடை ரூம்ல சேர்லயே சாஞ்சிட்டாரு. வெளையாட்டு இல்லப்பா." தனசேகர் அண்ணன் வீட்டில் மட்டும்தான் சாவுச் செய்தியோடு இப்படி ஒரு வார்த்தையும் சேர்த்துச் சொல்ல வேண்டியிருக்கும்.

அவர் வீடியோக்களைப் பார்த்த உங்களுக்கு முகம் தெரியும், வேலை தெரியாமல் இருக்கலாம். கவரைப்பேட்டை பக்கம் லாரிகளுக்கு எடை போட்டு ரசீது கொடுக்கும் மேடையில் அவர் ஆபரேட்டர். பக்கத்தில் செல்போன் ரிப்பேர் கடை வைத்திருக்கும் நான்தான் அவரைப் படம் பிடித்தவன். இரும்பு லாரிகள் ஏறும் மேடையின் நடுவில் ஓர் எலுமிச்சம்பழத்தை வைப்பார். உள்ளே போய்த் திரையைப் பார்ப்பார். "பூஜ்யம். ஓவர்லோடு இல்ல. அடுத்த வண்டி வரலாம்." அவ்வளவுதான் படம். இன்னொரு நாள் தன் கொட்டாவிக்கு எடை போட்டார். மாமியாரிடம் கேட்காமல் விட்ட மன்னிப்புக்கும் போட்டார்.

முகம் அசையாமல் பேசுவதைப் பெரிய கலை என்று கமெண்டில் எழுதினீர்கள். கலையாவது ஒன்றாவது, எல்லாம் பயம்! "சிரிக்காத இருந்தா, மெஷின செக் பண்ணிக்கினு இருக்கேன் சார்னு ஓனர்கிட்ட சொல்லிக்கலாம். சிரிச்சேன்னு வை, வேலை பூடும்" என்பார். காலேஜ் படிக்கும் மகள் இருந்தாள். வேறு போக்கிடம் இல்லை. பார்ப்பவர்கள் கூடக் கூட அவருக்குத் தூக்கம் குறைந்தது. எத்தனை பேர் பார்த்தார்கள் என்று ஒருநாளும் கேட்டதில்லை. "ஓனர் பாத்தாரா?" என்றுதான் கேட்பார்.

ஒருமுறை ஓனரே வந்து நின்றுவிட்டார். மேடையில் ஒற்றைச் செருப்பு.

"இன்னா தனசேகரு இது?"

"செக்கிங் சார்."

"கரெக்டா காட்டுதா?"

"கரெக்டா காட்டுது சார்."

"வாரா வாரம் பண்ணு" என்று சொல்லிவிட்டுப் போனார். அண்ணனின் சட்டை வியர்வையில் தொப்பலாகிவிட்டது. கார் கண்ணுக்கு மறைந்ததும் மேடையிலேயே உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். ஒவ்வொரு படத்தின் முடிவிலும் அப்படித்தான். அடங்கியதும் பதறுவார்: "தம்பி, இத வெட்டிடு." நான் வெட்டினேன், ஆனால் அழிக்கவில்லை.

அவர் மறைவுச் செய்தியைப் போட்டபோது சிரிப்புப் பொம்மை போட்டு "அடுத்த வண்டி வரலாம்" என்று எழுதினீர்கள். ஆத்திரமாக வந்தது. உங்களைச் சொல்லியும் குற்றமில்லை, அவர் பழக்கியது அப்படி.

காரியம் முடிந்த பிறகு அந்த வெட்டிய துண்டுகளை அண்ணிக்குக் காட்டினேன். "ஊட்ல இந்த மாதிரி ஒரு நாளு சிரிச்சது இல்லப்பா" என்றார். திரும்பத் திரும்பப் பார்த்தார். பிறகு முகத்தில் எந்த அசைவும் இல்லாமல் சொன்னார்: "போட்டுடு தம்பி. இனிமே அந்த வேலையா பூடப் போவுது?"

இன்னும் போடவில்லை. போன் கெட்டுப் போய்விடுமோ என்று இன்னொரு போனிலும் ஏற்றி வைத்திருக்கிறேன். அண்ணனின் சிரிப்பு என்னிடம் பத்திரமாக இருக்கிறது. பொத்தானில் விரலை வைத்ததும், ஓனர் கார் வருகிறதா என்று ரோட்டைத் திரும்பிப் பார்க்கிறேன். அந்தப் பயமும் அவர் எனக்கு விட்டுப்போனதுதான்.