மொராக்கின் கடைசி ஆட்டம்

நேற்று மெல்பேர்னில், கிளேட்டன் ஸ்ரேசனில் ரயில் ஏறினேன். நல்ல மழை. பக்கத்தில் வந்து இருந்த பெண்ணின் சுவெற்றரிலிருந்து நனைந்த கம்பளி வாசம் குப்பென்று அடித்தது. மற்றவர்களுக்கு அது ஈர ஆட்டு மணம். எனக்கு அது மொராக். அந்த யோசனையில் இறங்கவேண்டிய ஸ்ரேசனைத் தவறவிட்டு, அடுத்ததில் இறங்கித் திரும்பி வந்தேன். கண்ணும் காதும் கைவிட்டாலும் மூக்கு மட்டும் எனக்கு இன்னும் வஞ்சகமில்லாமல் வேலை செய்கிறது.

மொராக் ஸ்கொட்லாந்துக்காரி. இந்த நாட்டுக்கு வந்து நான் முதன்முதலில் வேலைக்குச் சேர்ந்த ஆஸ்பத்திரி லாப்பில் எனக்கு அடுத்த மேசை. நாற்பத்தைந்து வயதிருக்கும். அவர் கதைக்கிறது இங்கத்தைய வெள்ளைக்காரருக்கே அரைவாசிதான் விளங்கும், எனக்கு எங்கே விளங்கப்போகிறது? முதல் மாதம் முழுக்க "யெஸ், யெஸ்" என்று தலையாட்டியே சமாளித்தேன். அப்படி ஆட்டின ஆட்டில் அவருடைய சனிக்கிழமை வேலையெல்லாம் என் தலையில் விழுந்தது பிறகுதான் தெரிந்தது. சனிக்கிழமைகளில் மொராக் கோல்ஃப் ஆடப் போவார்.

லாப்பில் வெள்ளிக் கரண்டியால் தேத்தண்ணி கலக்கிற ஒரே ஆள் அவர்தான். "இதென்ன, சீதனமோ?" என்று ஒருநாள் கேட்டுவிட்டேன். வென்ற பரிசாம். கடற்கரைப் பட்டினமொன்றில் பேக்கரிக்காரரின் மகள். விடிய எழும்பிப் பாண் அடுக்கிவிட்டு, காற்றிலும் தூறலிலும் ஆடிப் பழகியவர். பத்தொன்பது வயதில் அந்தப் பக்கத்துச் சம்பியன். பிறகு நாட்டுக்கு ஆடும் அணியிலும் இடம் கிடைத்தது. அந்த நேரம் பார்த்துக் கலியாணம், மெல்பேர்ன், பிள்ளைகள். எங்கள் பெண்டுகளுக்கு மட்டும்தான் இப்படி நடக்கிறது என்று நான் நினைத்திருந்தேன். பிள்ளைகள் வளரும்வரை மட்டையைத் தொடவே இல்லையாம்.

"வெண்டால் காசு தரமாட்டினமோ?" என்று கேட்டேன். அவர் சொன்னதை எங்கள் தமிழிலேயே எழுதுகிறேன். "காசு வாங்கினால் நான் அமெச்சூர் இல்லை. பிறகு இந்தப் போட்டியளிலை ஆடேலாது." வீட்டில் வந்து என் மனிசனுக்குச் சொன்னேன். "காசும் இல்லாமல் மழைக்குள்ளை நிண்டு நனையிறதோ? மனிசிக்கு விசர்!" என்றார்.

விசர்தான். அவருடைய கிளப் மண்டபத்தில் ஒரு மரப்பலகை உண்டு. ஒவ்வொரு வருடமும் வென்ற பெண்ணின் பெயரைத் தங்க எழுத்தில் அதில் எழுதுவார்கள். மொராக் இரண்டு தரம் இறுதியாட்டம்வரை போய்த் தோற்றவர். இப்போது இடுப்பு எலும்பு தேய்ந்து, சத்திரசிகிச்சைக்கு நாள் குறித்தாயிற்று. "இதுதான் கடைசி வருசம். இந்த நாட்டிலை ஒரு இடத்திலையெண்டாலும் என்ரை பேர் இருக்கவேணும்" என்றார். சொல்லும்போது கரண்டி கோப்பையில் சும்மா சுற்றிக்கொண்டிருந்தது.

அந்த வருடமும் இறுதியாட்டத்துக்கு வந்துவிட்டார். பார்த்தால், வழக்கமாக மட்டைப் பை இழுக்கும் சிநேகிதிக்குக் காய்ச்சல். "என்ரை மனிசன் வருவார்" என்று நான் முந்திரிக்கொட்டை மாதிரி வாக்குக் கொடுத்தேன். அவர் அப்போது எஞ்சினியர் பட்டத்தோடு வேலை கிடைக்காமல் ரிவிக்கு முன்னால் கிரிக்கெட் பார்த்துக்கொண்டு கிடந்தவர். "வாய் திறவாதேங்கோ, பையை மட்டும் இழுங்கோ" என்று சொல்லிக் கூட்டிக்கொண்டு போனேன்.

அன்றைக்கும் மழை. மொராக்கின் கம்பளிச் சுவெற்றர் நனைந்து மணத்தது. கடைசிக் குழிவரை இரண்டு பேரும் சமம். இனி யார் குறைந்த அடியில் பந்தைக் குழிக்குள் விழுத்துகிறாரோ அவர்தான் சம்பியன். மொராக்கின் பந்து மரங்களுக்குக் கீழே புல்லுக்குள் போய்விட்டது. முன்னால் போன என் மனிசனின் கால் பந்தில் தட்டிவிட்டது. மனிசன் என்ன செய்தார் தெரியுமோ? பதறிப்போய்க் குனிந்து, பந்தை எடுத்து, இரண்டு கண்ணிலும் ஒற்றி, இருந்த இடத்திலேயே பக்குவமாக வைத்தார்!

எதிராளி தூரத்தில். கண்டது குடை பிடித்துக்கொண்டு நின்ற நானும், பின்னால் நொண்டி நொண்டி வந்த மொராக்கும்தான். ஆடுகிற பந்தைப் பை இழுப்பவர் எடுத்தால் ஆடுபவருக்கு ஒரு அடி தண்டம். எங்களுக்கு அது எங்கே தெரியும்? மொராக் பந்தைப் பார்த்தார். பிறகு கையை உயர்த்தி, "என்னிலை ஒரு அடி கூட்டு" என்று அந்தப் பக்கம் கத்தினார்.

விசயம் விளங்கியதும் என் மனிசன் எதிராளியிடம் ஓடினார். "பிழை என்ரை. அவவுக்குப் போடாதேங்கோ" என்று பஸ் கொண்டக்ரரோடு மல்லுக்கட்டுகிற மாதிரி நின்றார். அந்தப் பெண்ணும் பாவம், "நான் ஒண்டும் பார்க்கேல்லை, விடுங்கோ" என்றார். "நான் பார்த்தனான்" என்று சொல்லிவிட்டு மொராக் மட்டையை எடுத்தார்.

அந்த ஒரு அடியால்தான் தோற்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

கார்ப் பார்க்கில் மனிசன் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு நின்றார். மொராக் கிட்ட வந்து, "அது என்ன செய்தனீர்?" என்று கேட்டார். "நாங்கள் மதிக்கிற சாமானிலை கால் பட்டால் கண்ணிலை ஒத்திறது" என்றார் இவர். மொராக்குக்குக் கண் கலங்கிப்போயிற்று. "என்ரை வீட்டிலை ஒருத்தரும் இந்தப் பந்தை ஒரு சாமானா மதிச்சதில்லை" என்றார். பிறகு மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "அடுத்த முறை ஆட்டம் முடிஞ்ச பிறகு ஒத்தும்" என்றார்.

அடுத்த முறை வரவில்லை. சத்திரசிகிச்சைக்குப் பிறகு அவர் ஆடவில்லை. புருசன் செத்தபின் ஸ்கொட்லாந்தில் தன் தங்கச்சியோடு இருக்கப் போனார். அங்கேயே காலமானதாக ஒரு டிசம்பரில், நத்தார் காலத்தில் செய்தி வந்தது. கிளப் நிலத்தை விற்று அடுக்குமாடி எழுப்பிவிட்டார்கள். மண்டபத்தை இடித்தபோது அந்தப் பலகை எந்தக் குப்பையோடு போயிற்றோ, கேட்டால் சொல்ல ஆளில்லை.

நேற்று வீட்டுக்கு வந்ததும் கேட்டேன்.

"இஞ்சேருங்கோ, அண்டைக்கு வெண்ட மனிசியின்ரை பேர் என்ன?"

கதிரையில் இருந்தபடி ரிவிச் சத்தத்தைக் குறைத்தார்.

"பேர் தெரியேல்லையப்பா. மொராக்கோடை விளையாடின மனிசி."