டிரம்முக்குள் ஒரு போர்வை

தையற்கார அக்காவின் தலைக்கு மேல் தினமும் மூன்று மணிக்கு இடி இறங்கும். மாடியறையில் நாலு பேர் ராக் பாட்டு பழகினார்கள். அவள் கணவரோ ரொட்டித் தொழிற்சாலையில் இரவு வேலை பார்த்துவிட்டுப் பகலில் தூங்குகிறவர். போய் நாலு வார்த்தை கேட்டுவிடுவது என்று ஒரு நாள் அவள் ஊசியைக் குத்திவைத்துவிட்டு எழுந்தாள். அன்றைக்கென்று இடியே இல்லை. தலையணையைத் தட்டினாற்போல் தொம், தொம் என்று மட்டும் கேட்டது. கணவர் புரண்டுகூடப் படுக்கவில்லை.

காரணம் பிறகுதான் தெரிந்தது. டிரம் அடிப்பவன் டைல்ஸ் ஒட்டும் வேலைக்காரன். வாய் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்பதுபோல் இருப்பவனுக்குத் தெருவில் டமாரம் என்று பெயர். காலையில் அவன் வேலைக்குக் கிளம்பும்போது, புருவமெல்லாம் மாவோடு படியேறி வந்த அவள் கணவரைப் பார்த்திருக்கிறான். தன்னிடமிருந்த ஒரே போர்வையைச் சத்தம் அடங்கப் பெரிய டிரம்முக்குள் திணித்துவிட்டான்.

"குளிருக்கு என்ன பண்றீங்க தம்பி?"

"ரெண்டு சட்டை போட்டுக்குவேன்க்கா."

அவளுக்கு மனசு கேட்கவில்லை. வெட்டுத்துணிகளைச் சேர்த்துக் கனமாக ஒரு போர்வை தைத்துக் கொடுத்தாள். மறுநாள் பார்த்தால் பழசு வெளியே, புதுசு டிரம்முக்குள்.

"உங்களுக்குத்தானே தைச்சேன், டிரம்முக்கா?"

"அதுக்குத்தான்க்கா ரொம்பக் குளிருது. எனக்குப் பழசு போதும்."

அதன்பின் தினமும் படியிலிருந்து எட்டிப் பார்ப்பான். "அண்ணன் தூங்கிட்டாரா?" தலையாட்டினால்தான் குச்சியை எடுப்பான்.

நாலு பேரும் காசு சேர்த்து ஒரே ஒரு பாட்டைப் பதிவுசெய்ய ஸ்டுடியோவை ஒரு நாளைக்குப் பிடித்தார்கள். கிட்டார்க்காரன் அடுத்த வாரம் வேலைக்கு வெளியூர் போகிறான். அன்று மாலை ஆறுக்குள் முடியாவிட்டால் பாட்டு இல்லை. நல்ல காரியத்துக்குப் போகிற பொருள் அழுக்காகப் போகக் கூடாது என்று அக்கா காலையிலேயே போர்வையை வாங்கித் துவைத்துப் போட்டுவிட்டாள்.

நாலு மணிக்கு டமாரம் மூச்சிரைக்க வந்து நின்றான்.

"போர்வை வேணும்க்கா. அங்க இருக்கிற பஞ்சை வெச்சுப் பார்த்தோம், ஒத்து வரல. டிரம் கத்துது, பாடுற பொண்ணும் கூடவே கத்துது."

கொடியில் போர்வையிலிருந்து நீர் சொட்டிக்கொண்டிருந்தது. அக்கா அதை இழுத்து எடுத்தாள். நல்லது செய்கிறேன் என்று நாலு பிள்ளைகள் ஆசையில் மண்ணைப் போட்டுவிட்டேனே, கடவுளே. இஸ்திரிப் பெட்டியைச் சூடேற்றி, ஆவி முகத்தில் அடிக்க, அங்குலம் அங்குலமாகத் தேய்த்தாள். ஐந்தேகாலுக்குச் சூடு ஆறாத போர்வையோடு அவளும் அவனுடன் ஆட்டோவில் ஏறினாள்.

"இது என்னம்மா மூட்டை?" என்றார் ஒலிப்பதிவாளர்.

"பாட்டுங்க" என்றாள் பதற்றத்தில்.

அவர் சிரித்துவிட்டு, போர்வை டிரம்முக்குள் போனதும் அவள் காதில் ஹெட்போனை மாட்டினார்.

தொம், தொம். இத்தனை மாதம் கூரை வழியாகக் கசிந்ததுதான். ஆனால் இப்போது அதன் மேல் கிட்டார் மழைபோல் இறங்கியது. அந்தப் பெண் கத்தவில்லை. பக்கத்தில் யாரோ தூங்குவதுபோல் பாடினாள். 'பகலில் தூங்கும் மனிதா, வெயிலும் உன் ஜன்னலை மெல்லத் தட்டட்டும்.' கூரைக்குக் கீழே இருந்தவளுக்கு வார்த்தைகள் இன்றுதான் காதில் விழுந்தன. ஒலிப்பதிவாளர் சிரிப்பை மறந்து கண்ணாடிக்கு அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தார். அக்காவின் கைகள் தாமாகக் குவிந்தன. பிரார்த்தனையில் எப்போதாவது அவளுக்குக் கிடைக்கும் அந்த அமைதி, ஒரு டிரம்முக்குள்ளிருந்து வந்துகொண்டிருந்தது.

ஆறுக்கு ஐந்து நிமிடம் இருக்கையில் பாட்டு முடிந்தது.

பாட்டு வெளியாகி, தெருமுனையில் இருந்த போன் கடையில்கூட ஒலித்தது. அதற்குள் நாலு பேரும் நாலு திக்காகிவிட்டார்கள். டமாரம் டைல்ஸ் வேலைக்கு வேறு ஊர் கிளம்பினான். அவள் அவனைப் பார்த்தது அதுதான் கடைசி.

"அந்தச் சத்தம் இல்லாம உங்க அண்ணனுக்குத் தூக்கமே நிலைக்கறதில்ல தம்பி" என்றாள்.

அவன் அவளுடைய போனில் பாட்டை ஏற்றிக் கொடுத்தான். படியிறங்கப் போனவன் நின்று மாடியைப் பார்த்தான்.

"மெதுவா வெச்சுக் கேளுங்கக்கா. மேல புதுசா வர்றவங்க தூங்கிட்டிருப்பாங்க."