விளக்கேற்றும் நேரத்தில் ஒரு துப்பாக்கிச் சண்டை

சுடும்போது உள்ளங்கையில் "ரிமோட்டு" கிர்ரென்று அதிரும். அந்த அதிர்வு முழங்கை வரை ஏறும். சிங்கப்பூரிலிருந்து மாமா வாங்கிவந்த வெள்ளை வீடியோ கேம் பெட்டியின் ரிமோட்டு அது. மைசூர் விஜயநகரில் நாங்கள் குடியிருந்த ஒற்றை அறையில் சாமிப் படங்களும் பழைய டிவியும் ஒரே அலமாரியில்தான் இருந்தன. டிவிமேல் வைத்த கறுப்புக் "குச்சி"யைப் பார்த்துத் திசை தெரிந்துகொள்ளும் அந்த ரிமோட்டு. மணிக்கட்டைத் திருப்பிய பக்கம் துப்பாக்கிக் குறி போகும்.

மாடியில் வீட்டு ஓனர் மகன் சேத்தனிடம் அதே போர் விளையாட்டின் துல்லியமான பதிப்பு இருந்தது. அவனுடைய பெரிய திரையில் எதிரியின் தாடி மயிர்கூடத் தெரியும். எங்களுடையதில் எதிரி என்றால் துப்பாக்கி பிடித்த ஒரு பழுப்புக் கறை. "இது ஆட்டவே அல்ல, சும்னே கை பீசோது" என்பான். விளையாட்டே இல்லையாம், சும்மா கை வீசுவதாம். அவன் அணியில் நாலாவது இடம் காலியாக இருந்தது, எனக்கு அது வெறியாக வேண்டியிருந்தது. பாலம் வரும் கட்டத்தைச் சாகாமல் முடித்தால் சேர்த்துக்கொள்வதாகச் சொல்லி, ஒரு சாயங்காலம் எங்கள் பாயில் வந்து சப்பணமிட்டு உட்கார்ந்துவிட்டான்.

பாதிப் பாலம் தாண்டியிருப்பேன். அம்மா வந்து டிவி ஓரமாக இருந்த சாமி விளக்கு இரண்டையும் ஏற்றினாள். அவ்வளவுதான், குறி பேய் பிடித்ததுபோல் மூலைக்கு மூலை தாவியது. குண்டு பட்டுத் திரை சிவந்தது. அம்மா விளக்கை மறைத்துக் கைகூப்பி நின்றாள்; குறி நின்றது. நகர்ந்தாள், மறுபடி தாவியது. நோய் புரியவில்லை, மருந்து புரிந்துவிட்டது.

"அம்மா, நவுராத! அங்கயே நில்லு!"

"எத்தன நேரந்தான்டி சாமி கும்புடறது? அடுப்புல கொழம்பு கெடக்குது."

"கும்புட்டுட்டே இரும்மா!"

ஏற்றிய விளக்கை அணைக்கச் சொன்னால் எங்கள் வீட்டில் அடி விழும். அம்மா முணுமுணுத்துக்கொண்டே நின்றாள். குழம்பு அடிப்பிடிக்கிற வாசனை வர வர நான் சுட்டுக்கொண்டே போய், உயிரோடு அக்கரை சேர்ந்தேன். சேத்தன் எழுந்து, "சண்டே மேலே பா" என்று மாடிக்குக் கூப்பிட்டுவிட்டுப் போனான். அந்தக் குச்சி வீசுகிற, கண்ணுக்குத் தெரியாத ஒளி விளக்குச் சுடரிலும் உண்டு, ரிமோட்டு விளக்கையும் குச்சி என்று நம்பியிருக்கிறது என்று கல்லூரியில் படித்தபோதுதான் விஷயமே விளங்கியது.

ஞாயிற்றுக்கிழமை மாடியில் எல்லாம் பளிச்சென்று தெரிந்தது. அங்கே கையிலிருக்கும் குமிழைக் கட்டைவிரலால் தள்ளினால்தான் குறி நகரும். நானோ பழக்கதோஷத்தில் மணிக்கட்டைத் தூக்கினேன். துப்பாக்கி தரையையே பார்த்துக்கொண்டிருந்தது. அணியில் முதலில் செத்தது நான்தான். அவமானத்தில் கண் கலங்கிவிட்டது.

இப்போது கடையில் கிடைப்பதெல்லாம் துல்லியமான பதிப்புகள்தான். கறை கறையாய் எதிரிகள் வந்த எங்கள் பதிப்பை யாரும் விற்பதில்லை. அந்த ஒற்றை அறையையும் இடித்துவிட்டார்கள். புது வீட்டில் பூஜை அறை தனி, டிவி தனி. அந்தப் பாலத்தைப் போன வாரம் பெரிய திரையில், ஒரு குண்டுகூடப் படாமல் தாண்டினேன். வீட்டில்தான் இருந்தாள் அம்மா, அவளுக்கு அது தெரியவே தெரியாது.